சிநேகிதியின் ரிசப்ஷனுக்கு ஐந்து நிமிடப் பேச்சு எழுதியது

ரொறன்ரோவில் எங்கள் ஆட்களின் கல்யாணத்துக்குப் பெரும்பாலும் இரண்டு பாதி உண்டு. காலையில் மணவறை, ஐயர், கூறைச் சேலை, தாலி. மாலையில், அல்லது இன்னொரு நாளில், ரிசப்ஷன். அது முழுக்க வட அமெரிக்க முறை: மணமக்கள் பாட்டோடு உள்ளே வருவார்கள், முதல் நடனம் ஆடுவார்கள், கேக் வெட்டுவார்கள், நடுவில் பேச்சுகள் இருக்கும். காலைச் சடங்கில் மாப்பிள்ளைத் தோழனாக நிற்பது பெரும்பாலும் பெண்ணின் சகோதரன். தோழியாக நிற்பது மாப்பிள்ளையின் சகோதரி. பெண்ணின் உற்ற சிநேகிதிக்கு அங்கே தனியாக ஒரு இடம் கிடையாது. சேலை மடிப்பைச் சரி செய்யலாம், ஊசி குத்தலாம், தண்ணீர் கொடுக்கலாம். மாலையில்தான் அவளுக்கு மெய்ட் ஒஃப் ஹொனர் என்ற பெயரும் கையில் மைக்கும் கிடைக்கின்றன. இங்கிலாந்தின் பழைய வரிசையில் பெண்ணின் அப்பா, மாப்பிள்ளை, பெஸ்ட் மேன் ஆகியோர்தான் பேசுவார்கள். கனடாவிலும் அமெரிக்காவிலும் மெய்ட் ஒஃப் ஹொனர் பேச்சை எல்லோரும் எதிர்பார்த்துக்கொண்டே வருகிறார்கள்.

பள்ளிக்கூட நாளிலிருந்து கூட இருப்பவள் அந்த மைக்கை என்னிடம் தந்தாள். மாப்பிள்ளை பிலிப்பினோ குடும்பம், ஸ்காபரோவிலேயே வளர்ந்தவர், எலக்ட்ரீஷியன். ஹோலில் ஒரு பாதி யாழ்ப்பாணத்துச் சனம், மறுபாதி பிலிப்பினோ சனம். முன் மேசையில் இருக்கப்போகும் அம்மம்மாவுக்கு ஆங்கிலம் தெரியாது. மாப்பிள்ளையின் ஆட்களுக்குத் தமிழ் தெரியாது. அந்தப் பேச்சு எப்படி உருவானது, யாரிடம் என்ன உதவி கேட்டேன், எது பலன் தந்தது என்பதை இங்கே எழுதுகிறேன். இதே பொறுப்பு வந்திருப்பவர்களுக்கு உதவட்டும் என்று கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

முதலில் போன் பண்ணியது எம்சிக்கு, அதாவது மேடையில் நின்று நிகழ்ச்சியை நடத்துகிறவருக்கு. எழுதத் தொடங்குவதற்கு முன்பே அவரிடம் கேட்க வேண்டியவை இருந்தன. எத்தனை நிமிடம்? எனக்கு முன்னால் யார், பின்னால் யார்? சாப்பாடு மேசைக்கு வருவதற்கு முன்பா, வந்த பிறகா? கையில் பிடிக்கிற மைக்கா, ஸ்டாண்டில் நிற்கிற மைக்கா? ஐந்து நிமிடம், சூப்புக்குப் பிறகு, பிரதான சாப்பாட்டுக்கு முன்னால் என்றார். ஹோலின் சமையலறை ஒரு நேரத்தைக் கணக்கு வைத்துச் சோற்றை வெளியே எடுக்கும்; பேச்சு நீண்டால் சாப்பாடு ஆறும், அதற்கு மேல் எதுவும் செய்ய முடியாது என்றும் சொன்னார். அவர் நூற்றுக்கணக்கான கல்யாணங்களைப் பார்த்தவர். அவர் சொன்ன நேரத்தை நான் அப்படியே எடுத்துக்கொண்டேன்.

ஐந்து நிமிடத்துக்கு எவ்வளவு எழுதுவது? ஆங்கிலத்தில் மேடைப் பேச்சு நிமிடத்துக்கு ஏறக்குறைய 130 முதல் 150 சொற்கள் போகும். அந்தக் கணக்கில் 650 சொற்களுக்கு மேல் இடம் இருப்பது போலத் தோன்றும். ஆனால் கல்யாண ஹோலில் சனம் சிரிக்கும், கை தட்டும், கரண்டியால் கிளாசைத் தட்டி மணமக்களை முத்தமிடச் சொல்லும். அதற்கெல்லாம் இடம் விட்டு 500 சொற்களுக்குள் நிற்பது நல்லது. தமிழ்ப் பகுதிக்கு இந்தக் கணக்கே சரிவராது. ‘வந்துகொண்டிருந்தவளுக்கு’ என்பது எண்ணிக்கையில் ஒரே சொல், வாயில் அது எவ்வளவு நேரம் எடுக்கிறது பாருங்கள். அதனால் தமிழைச் சொல்லால் அளக்காமல் போனில் நேரத்தை ஓடவிட்டு, சத்தமாக வாசித்தே அளந்தேன்.

அடுத்தது விஷயம் சேர்ப்பது. இதில்தான் அதிக நேரம் செலவழித்தேன், செலவழிக்கவும் வேண்டும். “அவளைப் பற்றி ஏதாவது சொல்லுங்கோ” என்று கேட்டால் எல்லோரும் ஒரே பதிலைத்தான் சொல்வார்கள். நல்ல பிள்ளை, பொறுப்பான பிள்ளை, எல்லாருக்கும் உதவி செய்யும். அது உண்மைதான். ஆனால் அதே சொற்களை ஊரில் உள்ள எந்தப் பெண்ணுக்கும் சொல்லலாம். கேள்வியை மாற்ற வேண்டும். அவள் செய்த எதை நினைத்தால் இப்பவும் சிரிப்பு வருகிறது? அவள் உங்களோடு கடைசியாகக் கோபித்தது எதற்கு? இந்தப் பெடியனைத்தான் கட்டப்போகிறாள் என்று உங்களுக்கு எப்போது விளங்கியது? கோபத்தைப் பற்றிய கேள்விக்குத்தான் மிக நல்ல கதைகள் வந்தன. ஒருவர் எதற்குக் கோபப்படுகிறார் என்று சொன்னால் அவருக்கு எது முக்கியம் என்பதும் அதிலேயே வந்துவிடுகிறது.

பெரியவர்களிடம் எழுத்தில் பதில் கேட்கக் கூடாது. வட்ஸ்அப்பில் வொய்ஸ் நோட் அனுப்பச் சொன்னேன். எழுதச் சொன்னால் இரண்டு வரியில் வாழ்த்து எழுதுகிற அன்ரி, குரலில் பேசச் சொன்னால் ஏழு நிமிடம் பேசுவார், அந்த ஆறாவது நிமிடத்தில் யாருக்கும் தெரியாத ஒரு சம்பவம் வந்து விழும்.

செயற்கை நுண்ணறிவுச் செயலியிடமும் உதவி கேட்டேன். இப்போது பலர் முதலில் போவது அங்கேதான் என்பதால் இதைச் சொல்லியாக வேண்டும். “மெய்ட் ஒஃப் ஹொனர் பேச்சு எழுதித் தா” என்று கேட்டதற்கு உடனே ஒரு பேச்சு வந்தது. சரளமாக இருந்தது, ஒரு இடத்தில் கூட என் சிநேகிதி இல்லை. அவளுடைய சிரிப்பு அறையையே ஒளிரச் செய்யுமாம். அவள் அப்படிச் சிரிக்கிறவளே இல்லை, வாயைப் பொத்திக்கொண்டு தோள் குலுங்கச் சிரிப்பாள். அதன் பிறகு அதை வேறு விதமாகப் பயன்படுத்தினேன். எழுத வேண்டாம், என்னிடம் ஒவ்வொரு கேள்வியாகக் கேள், நான் சொல்லும் பதில் பொதுவாக இருந்தால் இன்னும் குறிப்பாகக் கேள் என்றேன். “அன்றைக்கு அவள் கையில் என்ன இருந்தது?” என்று அது கேட்டது. பேச்சு முழுவதும் அந்தக் கேள்வியில் இருந்துதான் தொடங்கியது. யாருடைய பெயரையும் குடும்ப விஷயத்தையும் நான் அதில் எழுதவில்லை. எழுதவும் கூடாது என்பது என் கருத்து.

கையில் இருந்தது ஒரு கோட். அந்தக் கதை இதுதான். 2013 டிசம்பர் 21 இரவு தொடங்கிய ஐஸ் புயல் ரொறன்ரோவில் இருந்த யாருக்கும் மறக்காது. மரக்கிளைகள் எல்லாம் கண்ணாடி பூசியது போல உறைந்து, பாரம் தாங்காமல் மின்கம்பிகள் மேல் விழுந்தன. நகரத்தில் மட்டும் 3 இலட்சத்துக்கும் அதிகமான இணைப்புகளுக்கு மின்சாரம் போனது. கிறிஸ்மஸ் கழிந்தும் பல வீடுகளுக்கு வரவில்லை. எங்கள் கட்டடத்தில் லிஃப்ட் ஓடவில்லை, வீட்டில் சூடு இல்லை, அடுப்பு மின்சார அடுப்பு. அம்மாவுக்கு முழங்கால் ஒப்பரேஷன் முடிந்து கொஞ்ச நாள்தான். சிநேகிதியின் வீட்டிலும் மின்சாரம் இல்லை, ஆனால் காஸ் அடுப்பு, நெருப்புக்குச்சியால் பற்றவைக்கலாம். அவள் உறைந்த வீதியில் நடந்து வந்து பதினோரு மாடி ஏறிக் கதவைத் தட்டினாள். சுடுதண்ணிப் போத்தலில் சொதி. ஒரு பெரிய ஆம்பிளைக் கோட்டுக்குள் சுற்றியபடி இடியப்பம். பொதி இரண்டு இருந்தது. மற்றது யாருக்கு என்று கேட்டேன். “பக்கத்து வீட்டில ஆரும் இருப்பினம்தானே” என்றாள். அங்கே யார் இருக்கிறார்கள் என்று அவளுக்குத் தெரியாது. தனியாக ஒரு வயதான அம்மா இருந்தார்.

இந்தக் கதையைச் சொல்லலாமா என்று கேட்க அவளுடைய தம்பிக்குப் போன் பண்ணினேன். அவன் கேட்டுக்கொண்டே இருந்தான். பிறகு சொன்னான்: “அக்கா, அந்தக் கோட் அப்பாவின்ர. உங்களுக்குத் தெரியாதோ?”

தெரியாது. அவர்களுடைய அப்பா அந்த வருடம்தான் இறந்துபோயிருந்தார். அந்தக் கோட்டை வீட்டில் யாரும் தொடாமல் அலுமாரியில் வைத்திருந்தார்களாம். வீட்டில் சூடு தாங்குகிற துணி வேறெதுவும் இல்லை என்று அவள்தான் எடுத்திருக்கிறாள். அவனோடு அன்றைக்குக் கதைக்காமல் இருந்திருந்தால் அந்தக் கதையின் பாதியைத்தான் நான் ஹோலில் சொல்லியிருப்பேன். உதவி கேட்பது என்றால் என்ன என்று எனக்கு விளங்கியது அந்தப் போன் அழைப்பில்தான். ஒருவரிடம் வரிகளைக் கேட்கத் தேவையில்லை. நான் பார்த்ததை அவரிடம் சொல்லி, அவர் பார்த்தது என்ன என்று கேட்டாலே போதும்.

மங்கல நாளில் இறந்தவரைப் பற்றிப் பேசலாமா என்று அன்ரியிடம், அதாவது பெண்ணின் அம்மாவிடம், கேட்டேன். அவர் அழவில்லை. “சொல்லு பிள்ளை. செத்தது எண்ட சொல் மட்டும் வேண்டாம்” என்றார். தம்பி இன்னொன்று சேர்த்தான்: ஒரு வரிக்கு மேல் போகாதேங்கோ. ஆகவே ஒரே வரி: ‘அந்தக் கோட் அவளுடைய அப்பாவுடையது.’ அதற்கு மேல் விளக்கம் எதுவும் வைக்கவில்லை. தெரிந்தவர்களுக்கு அது போதும். தெரியாதவர்கள் அதை அப்பாவின் கோட் என்று மட்டும் எடுத்துக்கொள்வார்கள், அதிலும் குறை ஒன்றும் இல்லை.

அன்ரி அதே அழைப்பில் இன்னொரு விஷயமும் சொன்னார். “என்ர பிள்ளையை எங்கட சனத்துக்குத் தெரியும். மருமகனைப் பற்றி நாலு வார்த்தை சொல்லு. கனபேருக்கு அவரைத் தெரியாது.”

இரண்டு மொழியை எப்படிச் சமாளிப்பது என்று அதுவரை முடிவு எடுக்காமல் இருந்தேன். பல ரிசப்ஷன்களில் ஒரு வரி ஆங்கிலம், அதே வரி தமிழ் என்று மாறி மாறிப் பேசுகிறார்கள். கேட்கிறவர்களில் பாதிப்பேர் எப்போதும் காத்துக்கொண்டிருப்பார்கள், இரண்டு மொழியும் தெரிந்த இளம் ஆட்கள் எல்லாவற்றையும் இரண்டு தரம் கேட்பார்கள், சிரிப்பு வர வேண்டிய இடம் இரண்டாகப் பிளந்து இரண்டு பக்கமும் வராமல் போகும். அன்ரி சொன்னதைக் கேட்டதும் பேச்சின் அமைப்பே கிடைத்துவிட்டது. யாருக்கு யாரைத் தெரியாது என்று பார்த்தால் போதும். பிலிப்பினோ பக்கத்துக்குப் பெண்ணைத் தெரியாது. அவளுடைய கதையை ஆங்கிலத்தில் சொல்லலாம். எங்கள் பக்கத்துக்கு மாப்பிள்ளையைத் தெரியாது. அவருடைய கதையைத் தமிழில் சொல்லலாம். எதையும் மொழிபெயர்க்க வேண்டியதில்லை. கதை இரண்டு, மொழி இரண்டு. இரண்டும் தெரிந்தவர்களுக்கு இரண்டு கதையும் கிடைக்கும்.

மாப்பிள்ளையின் கதையை அன்ரியே தந்தார். அம்மம்மாவின் உலகமே தமிழ் வானொலிதான். காலையில் எழுந்ததும் போட்டால் படுக்கப் போகும்வரை ஓடும். ஒரு நாள் அந்தப் பெட்டி சத்தமில்லாமல் நின்றுவிட்டது. புதிது வாங்கலாம் என்று வீட்டில் எல்லோரும் சொல்ல, அம்மம்மா வேண்டாம் என்று சாப்பிடாமல் இருந்தார். அப்போது இவர் அந்த வீட்டுக்கு வந்து போகத் தொடங்கிய புதிது. யாரும் கேட்கவில்லை, சாப்பாட்டு மேசையில் பெட்டியைக் கழற்றி, உள்ளே விட்டுப்போயிருந்த வயரை ஈயம் உருக்கி ஒட்டினார். சத்தம் வந்தது. அதோடு போகவில்லை. அம்மம்மாவுக்குக் கண் மங்கல் என்று யாரோ சொல்லியிருக்கிறார்கள். எந்த இடத்தில் திருகி நிறுத்த வேண்டும் என்று தடவிப் பார்த்தே தெரியும்படி சிவப்பு டேப்பைத் தடிப்பாக மடித்து ஒட்டினார். பிறகு ஒரு சொல்லும் விளங்காத வானொலியை அவர் பக்கத்தில் இருந்து கேட்டார். உண்மையில் அந்த நேரத்தில் ஓடியது மரண அறிவித்தல். அதை மட்டும் பேச்சில் இருந்து எடுத்துவிட்டேன். கல்யாண ஹோலுக்கு வானொலி என்ற சொல்லே போதும்.

தமிழ்ப் பகுதியை வீட்டில் கதைக்கிற தமிழில்தான் எழுதினேன். ‘மதிப்புக்குரிய பெரியோர்களே’ என்று தொடங்கினால் தமிழ்ப் பள்ளிப் பேச்சுப்போட்டி போல ஆகிவிடும். நாங்கள் எல்லோரும் சிறு வயதில் அந்தப் போட்டிகளில் மனப்பாடம் செய்து பேசியவர்கள்தான், குரல் தானாகவே அந்த இராகத்துக்குப் போய்விடும். அம்மம்மாவின் முகத்தைப் பார்த்து அவரோடு கதைப்பது போலத் தொடங்கினேன்: “அம்மம்மா, உங்களுக்கு இந்தக் கதை தெரியும். மற்ற ஆக்களுக்குச் சொல்லப் போறன்.”

என்ன சொல்லக் கூடாது என்பதும் ஒரு பட்டியலாக மனதில் இருந்தது. பழைய காதல், பரீட்சையில் கோட்டை விட்டது, உடம்பு மெலிந்தது பெருத்தது, குடித்த கதை, இவையெல்லாம் எந்த நாட்டிலும் வேண்டாம். எங்கள் சனத்துக்கு வேறு சிலவும் உண்டு. முன்பு பேசிய சம்பந்தங்கள், சாதகம் பொருந்தியது பொருந்தாதது, வீட்டில் முதலில் சம்மதிக்காமல் இருந்த காலம். கடைசியாகச் சொன்னதை வைத்துச் சிலர் உருக்கமாகப் பேசுவதைக் கேட்டிருக்கிறேன்: ‘எத்தனை எதிர்ப்பு வந்தும்...’ என்று. எதிர்த்தவர்கள் அதே ஹோலில், நல்ல உடுப்போடு, சமாதானமாகி வந்து உட்கார்ந்திருக்கிறார்கள். அவர்கள் வந்ததே பெரிய விஷயம். அவர்களை அந்த இடத்தில் நெளிய வைப்பது எனக்குக் கொஞ்சமும் சரியாகப் படவில்லை. நாங்கள் இரண்டு பேர் மட்டும் சிரிக்கிற பள்ளிக்கூட நகைச்சுவைகளை மெஹந்தி இரவுக்கு ஒதுக்கினேன். அங்கே இருந்ததெல்லாம் எங்கள் கூட்டம்தான், நன்றாகவே எடுபட்டது.

பிறகு வெட்டும் வேலை. அம்மா முழுவதையும் கேட்டுவிட்டு, “இதில நீ கனக்க இருக்கிறாய், அவள் கொஞ்சமாத்தான் இருக்கிறாள்” என்றார். சிவப்புப் பேனையால் ‘நான்’, ‘எனக்கு’, ‘என்’ எல்லாவற்றுக்கும் கீழே கோடு போட்டுப் பார்த்தேன். நாங்கள் எப்படிச் சந்தித்தோம் என்ற முதல் பத்தி முழுவதும் சிவப்பு. அதைத் தூக்கினேன். என் பெயர், எந்த வருடத்திலிருந்து அவளுக்குச் சிநேகிதி என்பது மட்டும் ஒரு வரியில் நின்றது. குணச்சொற்களையும் தூக்கினேன். இரண்டாவது பொதியைச் சொன்ன பிறகு ‘அவள் இரக்கமானவள்’ என்று எழுதியிருந்த வரி முந்தைய வரியின் பலத்தைக் குறைத்துக்கொண்டுதான் நின்றது.

வேலையிடத்தில் ஒருவர் டோஸ்ட்மாஸ்டர்ஸ் கழகத்தில் பல வருடமாக இருப்பவர். ரால்ஃப் ஸ்மெட்லி என்பவர் 1924இல் கலிபோர்னியாவின் சாண்டா ஆனாவில் தொடங்கிய, மேடையில் பேசப் பழகும் கழகம் அது. இப்போது உலகம் முழுவதும் கிளைகள் உண்டு. அவர்களுடைய கூட்டங்களில் ஐந்து முதல் ஏழு நிமிடப் பேச்சு என்றால் ஐந்தாவது நிமிடத்தில் பச்சை, ஆறில் மஞ்சள், ஏழில் சிவப்பு காட்டுவார்கள். என் பேச்சு ஐந்துக்குள் முடிய வேண்டும் என்பதால் மூன்று, நான்கு, ஐந்து என்று எனக்கு மாற்றி வைத்தார். மதிய இடைவேளையில் ஒரு காலி அறையில் வண்ணக் கடதாசியோடு உட்கார்ந்தார். ‘ம்’, ‘ஆ’, ‘யூ நோ’ வரும் போதெல்லாம் ஒரு கோடு போட்டார். அதற்கென்றே அந்தக் கழகத்தில் ஒரு பொறுப்பு இருக்கிறதாம்.

அவருக்குத் தமிழ் ஒரு சொல் தெரியாது. ஆனாலும் தமிழ்ப் பகுதியைக் கேட்டு அவர் செய்த உதவி மிகப் பெரியது. என் குரல் இறங்கிய இடத்தில் எல்லாம் கையைத் தூக்கினார். பார்த்தால் அவை எல்லாம் வசனத்தின் கடைசி. தமிழில் வினை கடைசியில்தான் வருகிறது, நடந்தது என்ன என்பதே அந்தச் சொல்லில்தான் இருக்கிறது. மூச்சு முடிகிற இடத்தில் அதை விழுங்கினால் பின் மேசைக்கு ஒன்றும் போய்ச் சேராது. நீண்ட வசனங்களை எல்லாம் உடைத்தேன். ‘அவர் பெட்டியைக் கழற்றி வயரைக் கண்டுபிடித்து ஈயம் உருக்கி ஒட்டினார்’ என்பது ‘பெட்டியைக் கழட்டினார். வயர் விட்டுப் போயிருந்தது. ஒட்டினார்.’ என்று ஆனது. பேச்சுக்கு எழுதுகிறவர்கள் வேறு எதைச் செய்யாவிட்டாலும் இதைச் செய்யுங்கள்.

முடிவை எப்படி வைப்பது? எல்லோரையும் எழுந்து நிற்கச் சொல்லிக் கிளாசை உயர்த்துவதுதான் முறை. மாப்பிள்ளையின் அக்காவிடம் அவர்கள் கல்யாணத்தில் என்ன சொல்வார்கள் என்று கேட்டேன். “மபுஹாய் அங் பாகோங் கசால்!” புதுமணத் தம்பதி நீடு வாழ்க. அவர் அனுப்பிய வொய்ஸ் நோட்டைக் காரில் போகும்போதெல்லாம் கேட்டுச் சொல்லிப் பழகினேன். ‘மபுஹாய்’ என்ற சொல்லை எந்த இடத்தில் இழுப்பது என்பதை அவர் போனில் பொறுமையாகத் திருத்தினார். அதற்கு முன்னால் தமிழில் ஒரு வரி: ‘ரெண்டு பேரும் நல்லா இருக்கோணும்.’ எங்கள் அம்மம்மாமார் தலையில் கை வைத்துச் சொல்வது அதுதான்.

பேச்சைப் போனில் வைத்து வாசிக்க வேண்டாம். திரை அணையும், நடுவில் யாராவது அழைப்பார்கள், படங்களில் முகம் நீலமாக விழும். தடித்த அட்டைகளில் பெரிய எழுத்தில் அச்சடித்தேன். ஒரு கதை ஒரு அட்டைக்குள் முடிய வேண்டும், மூலையில் இலக்கம், ஓட்டை போட்டு ஒரு வளையம். விழுந்தாலும் வரிசை மாறாது. கடைசி அட்டையில் கடைசி வரி மட்டும். இன்னொன்றும் செய்தேன்: நேரம் குறைந்தால் எந்தப் பத்தியை விடலாம் என்று பென்சிலால் ஒரு பெட்டி போட்டு வைத்தேன்.

அந்தப் பென்சில் பெட்டி தேவைப்பட்டது. மணமக்கள் படம் எடுக்கப் போன இடத்தில் தாமதம், எல்லாம் பின்தள்ளிப்போனது. எம்சி வந்து காதில், “கொஞ்சம் சுருக்கேலுமோ?” என்றார். சரி என்றேன். எதை விடுவது என்று அந்த நேரத்தில் யோசிக்க வேண்டியிருக்கவில்லை.

மைக்கை நாடிக்குப் பக்கத்தில் வைத்து, மணமக்கள் மேசையும் அம்மம்மாவின் மேசையும் ஒரே நேரத்தில் தெரிகிற இடத்தில் நின்றேன். ஆங்கிலப் பகுதி இப்படிப் போனது, தமிழில் எழுதுகிறேன்: “2013 டிசம்பர். ஐஸ் புயல். பதினோராவது மாடி, லிஃப்ட் இல்லை. கதவைத் திறந்தால் இவள். மூச்சு வாங்குகிறது. ஒரு பெரிய ஆம்பிளைக் கோட் கொண்டு வந்திருக்கிறாள். அவள் அதைப் போட்டிருக்கவில்லை. இடியப்பத்துக்குப் போட்டிருந்தாள்.” எங்கள் பக்கம் முதலில் சிரித்தது. இடியப்பம் என்றால் ஆவியில் அவித்த அரிசி நூடில்ஸ் என்று ஒரு வாக்கியம் சொன்னதும் மற்றப் பக்கமும் சிரித்தது. இரண்டாவது பொதியைச் சொன்னேன். பிறகு கோட் யாருடையது என்று சொன்னேன். பெண் தம்பியைப் பார்த்தாள், தம்பி தலையை ஆட்டினான். அங்கே ஒரு மூச்சு நேரம் நிறுத்த வேண்டும் என்று அட்டையிலேயே எழுதி வைத்திருந்தேன். நிறுத்திவிட்டுத் தமிழுக்குப் போனேன்.

வானொலிக் கதையில் சிவப்பு டேப் ஒட்டிய இடம் வந்ததும் அம்மம்மா முன் மேசையில் இருந்து சத்தமாகச் சொன்னார்: “இப்பவும் வேலை செய்யுது!” ஹோல் முழுவதும் சிரிப்பும் கைதட்டலும். மாப்பிள்ளையின் ஆட்கள் என்ன என்ன என்று கேட்க, பக்கத்து மேசைகளில் இருந்த எங்கள் பிள்ளைகள் திரும்பி அவர்களுக்கு ஆங்கிலத்தில் சொன்னார்கள். நான் செய்யாமல் விட்ட மொழிபெயர்ப்பை அவர்கள் மேசை மேசையாகச் செய்தார்கள். அன்றிரவு எனக்கு மிகவும் பிடித்த நேரம் அது.

எல்லோரையும் எழும்பச் சொன்னால் நாற்காலிச் சத்தம் அடங்கும்வரை காத்திருக்க வேண்டும். அதற்கு முன் சொல்லும் வரி யாருக்கும் கேட்காது. காத்திருந்து, தமிழில் ஒரு வரி, பிறகு ‘மபுஹாய்’. அந்தச் சொல்லை முடிப்பதற்கு முன்பே அந்தப் பாதி மிச்சத்தைச் சேர்ந்து சொல்லிவிட்டது. பெரியவர்கள் கையில் திராட்சை ஜூஸ், இளையவர்கள் கையில் வைன். பெஸ்ட் மேன் மைக்கை வாங்கிக்கொண்டார், சாப்பாடு சூடாகவே வந்தது.

என் மச்சாளின் மகள் வருகிற கோடையில் ஒரு சிநேகிதிக்கு மெய்ட் ஒஃப் ஹொனர். அன்றிரவே வந்து, “எனக்கும் எழுதித் தாங்கோ மாமி” என்றாள். முதலில் சிநேகிதியின் தம்பி தங்கச்சிமாருக்குப் போன் பண்ணு, அவள் எதற்குக் கோபப்படுவாள் என்று கேள், பதில்களை எனக்கு அனுப்பு என்றேன். வொய்ஸ் நோட்டுகள் வரத் தொடங்கிவிட்டன. ஒன்றில், களவு போன ஒரு சைக்கிளைத் தேடி அந்தப் பெண் பஸ் ஏறி மிசிசாகாவரை போன கதை இருக்கிறது. அதில் யார் யார் கூடப் போனார்கள் என்று விசாரிக்கச் சொல்லியிருக்கிறேன்.